அசரீரிக்கு உடல் இல்லை

பாகவதத்தில் ஒரு தேர்ப்பயணம் வருகிறது. திருமணம் முடிந்த தேவகியைக் கணவன் வீட்டில் கொண்டுபோய் விடுவதற்காகக் கம்சன் தானே தேரோட்டிச் செல்கிறான். அவள் அவனுக்குத் தங்கை முறை. வழியில் வானிலிருந்து ஒரு குரல் கேட்கிறது: இவளுடைய எட்டாவது பிள்ளை உன்னைக் கொல்லும். அடுத்த கணமே கம்சன் தேவகியின் கூந்தலைப் பற்றிக்கொண்டு வாளை உருவுகிறான்.

அந்தக் குரலை நாம் அசரீரி என்கிறோம். சரீரம் இல்லாதது என்று பொருள். உடல் இல்லாத ஒன்று, இன்னும் பிறக்காத ஓர் ஆணைப் பற்றிப் பேசுகிறது. பிடிபடுவதோ, உடலோடு தேரில் உட்கார்ந்திருக்கும் பெண்ணின் தலைமயிர்.

வாக்கு, நிமித்தம், ஆரூடம், தீர்க்கதரிசனம் என்று பெயர் எதுவானாலும், நாயகன் வருவான் என்று முன்கூட்டியே சொல்லும் கதைகள் உலகெங்கும் உண்டு. அவற்றை நாம் நாயகனின் பக்கத்திலிருந்தே படித்துப் பழகியிருக்கிறோம். அவன் தப்புவானா, வளர்வானா, சொன்னபடி வெல்வானா என்பதே நம் கவலை. அதே கதைகளை இன்னொரு கேள்வியோடும் படிக்கலாம். அந்த வாக்குப் பலிக்க யார் விலை கொடுத்தார்கள்?

தேவகியின் கணக்கு

வாளின் முன்னால் வசுதேவர் பேரம் பேசுகிறார். உனக்கு ஆபத்து இவளால் இல்லை, இவள் பெறப்போகும் பிள்ளைகளால்தான். அவர்களை உன்னிடமே ஒப்படைத்துவிடுகிறேன் என்கிறார். தேவகியின் உயிர் தப்புகிறது. ஆனால் அவள் இனிப் பெறப்போகும் பிள்ளைகள் எல்லாரும் அந்தப் பேரத்தில் கைமாறிவிடுகிறார்கள். அவளை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

முதல் குழந்தையை வசுதேவர் கொண்டுவந்து கொடுத்தபோது கம்சன் வாங்கவில்லை. எட்டாவது பிள்ளைதானே ஆபத்து என்று திருப்பி அனுப்பிவிடுகிறான். பிறகு நாரதர் வந்து பேசுகிறார். அதன் பின்புதான் சிறையும் கொலைகளும். முன்னறிவிப்பு தானாகக் கொல்வதில்லை. அதற்கு விளக்கம் சொல்ல ஒருவரும், அதைக் கேட்டு அஞ்சுகிற அதிகாரமும் வேண்டும். ஆறு பிள்ளைகள் கொல்லப்பட்டார்கள். ஏழாவது கரு ரோகிணியின் வயிற்றுக்கு மாற்றப்பட்டது. எட்டாவதாகக் கிருஷ்ணன் பிறந்தான்.

அதே இரவில் கோகுலத்தில் யசோதைக்கு ஒரு பெண் குழந்தை பிறந்தது. பேற்று வலியில் களைத்து உறங்கிய யசோதைக்குத் தனக்குப் பிறந்தது ஆணா பெண்ணா என்பதே தெரியவில்லை என்று பாகவதம் சொல்கிறது. வசுதேவர் ஆண் குழந்தையை அவள் பக்கத்தில் கிடத்திவிட்டு, அவள் பெற்ற பெண்ணை எடுத்துக்கொண்டு சிறைக்குத் திரும்புகிறார். கம்சன் வந்தபோது தேவகி, இது பெண், உனக்கு மருமகளாக வேண்டியவள், பெண்ணைக் கொல்லாதே என்று கெஞ்சுகிறாள். தான் பெறாத குழந்தைக்காக அவள் கெஞ்சினாள் என்பதை மறந்துவிடக் கூடாது. கம்சன் அந்தக் குழந்தையின் காலைப் பிடித்துக் கல்லில் ஓங்கி அடிக்கிறான். குழந்தை கை நழுவி மேலே எழுந்து எட்டுக் கைகளுடன் தேவியாகக் காட்சி தருகிறாள். உன்னைக் கொல்லப் பிறந்தவன் வேறிடத்தில் இருக்கிறான் என்று சொல்லி மறைகிறாள்.

கதை அவளைத் தெய்வமாக்கிவிடுகிறது. விந்தியாசலத்தில் அவளுக்குக் கோயில் உண்டு. சிலப்பதிகாரத்தின் வேட்டுவ வரியும் கொற்றவையைத் திருமாலின் தங்கையாகப் பாடுகிறது. ஆனால் பெற்றவளுக்கே தெரியாமல் எடுத்துச்செல்லப்பட்டு, ஓர் ஆண் பிழைப்பதற்காக அவனுடைய இடத்தில் கிடத்தப்பட்ட குழந்தையைப் பற்றி இந்த மரபில் துக்கம் கிடையாது. கோகுலாஷ்டமிக்கு நம் வீட்டு வாசலிலிருந்து பூசையறை வரை மாவில் போடும் சின்னப் பாதங்கள் கிருஷ்ணனுடையவை. அதே இரவில் எதிர்த்திசையில் போன இன்னொரு குழந்தையை நினைத்து யாரும் பாதம் வரைவதில்லை.

கிரேக்கத்திலும் அதே வயிறு

கிரேக்கப் புராணம் இந்த அச்சத்தை இன்னும் வெளிப்படையாகச் சொல்கிறது. ஹெசியட்டின் தெய்வப் பரம்பரைக் காவியத்தில் ஸீயஸின் முதல் மனைவி மெட்டிஸ். அவள் பெயருக்கே மதிநுட்பம் என்று பொருள். முதலில் ஒரு மகளையும், பிறகு தேவர்களை ஆளப்போகும் ஒரு மகனையும் அவள் பெறுவாள் என்பது முன்னறிவிப்பு. அந்த மகன் தன் அரியணைக்கு ஆபத்து என்பதால் ஸீயஸ் கருவுற்றிருந்த மெட்டிஸை அப்படியே விழுங்கிவிடுகிறான். மகள் அதீனா தந்தையின் தலையிலிருந்து பிறக்கிறாள். மகன் பிறக்கவேயில்லை. மெட்டிஸ் அவன் வயிற்றுக்குள்ளிருந்து அவனுக்கு ஆலோசனை சொல்லிக்கொண்டிருக்கிறாள். ஒரு பெண்ணின் அறிவும் கருப்பையும் ஆணுக்குள் போய்விட, அரசு நிலைக்கிறது.

கடல் தேவதை தெடிஸ் பெறும் மகன் தந்தையைவிடப் பெரியவனாவான் என்றொரு வாக்கு. அவளை விரும்பிய தேவர்கள் உடனே பின்வாங்கி, ஒரு மனிதனுக்கு அவளைக் கட்டிவைக்கிறார்கள். சாகப் பிறந்த மகனைப் பெற வேண்டியது அவள் பங்கு. அந்த மகன்தான் அக்கிலீஸ். ஆர்கோஸ் நகரின் மன்னன் அக்ரிசியஸுக்கு, உன் மகள் வயிற்றுப் பேரன் உன்னைக் கொல்வான் என்று குறி வந்தது. அவன் மகள் டனாயியை வெண்கல அறையில் பூட்டினான். ஸீயஸ் பொன்மழையாக அதற்குள் இறங்கினான். குழந்தை பிறந்ததும் தாயையும் பிள்ளையையும் பெட்டியில் அடைத்துக் கடலில் விட்டான் தந்தை. வளர்ந்து பெரிய வீரனாகப் புகழ்பெற்ற பெர்சியஸை எல்லாருக்கும் தெரியும். டனாயிக்கு அறையும் பெட்டியும்தான் கதை.

மதுராவுக்கும் ஆர்கோஸுக்கும் இடையே கதை பயணம் செய்ததா என்பதை ஆய்வாளர்கள் பேசட்டும். நமக்கு முக்கியம் அவற்றின் பொதுவான அரசியல். வாரிசுரிமை ஆண்வழியில் போகும் சமூகத்தில் அரியணையின் எதிர்காலம் ஒரு பெண்ணின் வயிற்றைக் கடந்துதான் போயாக வேண்டும். அந்த ஓரிடம் மட்டும் அரசனின் கைக்கு எட்டுவதில்லை. அந்தப் பயம்தான் முன்னறிவிப்பாகப் பேசுகிறது. பூட்டு, சிறை, விழுங்குதல் எல்லாம் அந்த ஓரிடத்தைக் கைப்பற்றும் வழிகள்.

குறி சொன்னவள், கனாக் கண்டவள்

குறி சொல்பவர்களில் பலர் பெண்கள்தானே, அங்கே அவர்களுக்கு அதிகாரம் இருந்ததே என்று கேட்கலாம். டெல்ஃபி கோயிலில் அரசர்களும் காத்திருந்து குறி கேட்டார்கள். சொன்னது பித்தியா என்ற பூசாரிணி. கி.மு. 458இல் மேடையேறிய எஸ்கிலஸின் நாடகம் ஒன்றில் அந்தப் பித்தியாவே வந்து, இந்த இடம் முதலில் பூமித்தாய்க்கும் பிறகு அவள் வழிவந்த பெண் தெய்வங்களுக்கும் உரியதாக இருந்து கடைசியில் அப்பல்லோவிடம் வந்தது என்று சொல்கிறாள். பேசுவது பெண்ணின் வாய், வாக்கு ஆண் தெய்வத்துடையது. தொடக்கத்தில் இளம்பெண்களே பித்தியாவாக இருந்ததாகவும், குறி கேட்க வந்த ஒருவன் ஒரு பித்தியாவைத் தூக்கிச்சென்று வன்புணர்ந்த பிறகு ஐம்பது வயது கடந்தவர்களையே நியமித்ததாகவும் டியோடோரஸ் எழுதியிருக்கிறார். ஆனால் உடை மட்டும் கன்னிப்பெண்ணின் உடையாகவே தொடர்ந்ததாம். குற்றம் செய்தவன் ஆண். விதி மாறியது பெண்களுக்கு.

அப்பல்லோவின் ஆசைக்கு இணங்க மறுத்தவள் டிராய் இளவரசி கஸாண்ட்ரா. கொடுத்த வரத்தைத் திரும்ப எடுக்க முடியாததால், நீ சொல்வது உண்மையாக இருக்கும், ஆனால் யாரும் நம்ப மாட்டார்கள் என்று அவன் சபித்தான். அலுவலகத்தில், காவல் நிலையத்தில், வீட்டில் தனக்கு நடந்ததைச் சொல்லி நம்பப்படாத எந்தப் பெண்ணுக்கும் இந்தச் சாபம் புதிதல்ல. 1983இல் கிழக்கு ஜெர்மனியின் எழுத்தாளர் கிறிஸ்டா வோல்ஃப் கஸாண்ட்ராவின் கதையை அவள் வாயாலேயே நாவலாக எழுதினார். ஒரு போர் தொடங்குவதற்கு முன்பே மக்கள் அதற்குத் தயார்செய்யப்படுவதைக் கண்ணால் கண்ட பெண்ணாக அவள் அதில் வருகிறாள்.

நம் சிலப்பதிகாரத்திலும் இரண்டு கனவுகள் உண்டு. கோவலன் திரும்பி வருவதற்குச் சற்று முன்பு கண்ணகி, ஓர் ஊரில் தங்கள் மீது பழி விழுவதையும் கோவலனுக்குத் தீங்கு நேர்வதையும் தான் அரசன் முன் வழக்குரைப்பதையும் கனவில் காண்கிறாள். தோழி தேவந்தி, பொய்கையில் நீராடிக் காமவேளைத் தொழு, கணவன் கிடைப்பான் என்கிறாள். அது தனக்குப் பெருமையன்று என்று கண்ணகி மறுத்துவிடுகிறாள். மதுரையில் பாண்டிமாதேவியும் செங்கோலும் குடையும் வீழக் கண்டு, அதை அரசனிடம் போய்ச் சொல்கிறாள். சொல்லி முடிக்கும் வேளையில் கண்ணகி வாயிலில் நிற்கிறாள். இரண்டு பெண்களும் சரியாகத்தான் கண்டார்கள். எந்தக் கனவும் எவர் முடிவையும் மாற்றவில்லை.

அதே காப்பியத்தின் முடிவில் ஓர் ஆணைப் பற்றிய நிமித்தமும் வருகிறது. அண்ணன் செங்குட்டுவன் இருக்க, இளையவனே அரசாள்வான் என்று அவையில் ஒருவன் சொல்கிறான். அண்ணனின் மனம் நோகாமல் இருக்க இளங்கோ துறவு பூண்டதாகக் கதை. இளங்கோவுக்கு வாக்கிலிருந்து வெளியேற ஒரு வாசல் இருந்தது. தேவகிக்கு அந்த வாசல் கிடையாது.

வாக்கில் பெண்ணே நாயகியானபோது

இவை கதைகள். வரலாற்றில் ஒரு முறை, பெண்ணையே மீட்பராகச் சொன்ன வாக்கு ஒன்று உண்மையான ஒரு பெண்ணின் மீது வந்து இறங்கியது. பதினைந்தாம் நூற்றாண்டின் பிரான்சில், ஒரு பெண்ணால் அழிந்த நாட்டை ஒரு கன்னி மீட்பாள் என்று மக்களிடையே ஒரு பேச்சு இருந்தது. டொம்ரெமி கிராமத்து உழவர் மகள் ஜோன் அந்தப் பேச்சைத் தன் உறவினரிடம் எடுத்துச்சொல்லித்தான் வழித்துணைக்கு ஆள் தேடினார். எழுத்தறியாத, படையில்லாத, ஏறத்தாழ பதினேழு வயதுப் பெண்ணுக்கு அரசனின் வாசலைத் திறக்க வேறு சாவி இல்லை.

சாவிக்கும் விலை இருந்தது. வாக்கு 'கன்னி' என்று சொல்லிவிட்டதால், 1429இல் புவாத்தியே நகரில் குருமார்கள் அவருடைய நம்பிக்கையைச் சோதித்தார்கள். பெண்களைக் கொண்டு அவர் உடலும் சோதிக்கப்பட்டது. அந்த ஆண்டு மே 8 அன்று ஓர்லியான் முற்றுகை விலகியது. ஜூலை 17 அன்று ஏழாம் சார்லஸ் ரைம்ஸ் நகரில் முடிசூடினார். அடுத்த ஆண்டு மே மாதம் ஜோன் பிடிபட்டார். 1431 மே 30 அன்று ரூவான் நகரில் எரிக்கப்பட்டார். அவர் கேட்ட குரல்கள் யாருடையவை என்று விசாரணை திரும்பத் திரும்பக் கேட்டது. மீண்டும் ஆண் உடை அணிந்ததும் அவரைக் கொல்லக் காரணமானது. 1456இல் அந்தத் தீர்ப்பு செல்லாது என்று அறிவித்தார்கள். ஆண் நாயகன் வாக்கை நிறைவேற்றினால் அரசனாகிறான். ஜோன் நிறைவேற்றினார், முடி சார்லஸின் தலைக்குப் போயிற்று.

அந்த நாட்களிலேயே இதைக் கூர்ந்து பார்த்தவர் கிறிஸ்தீன் த பிசான். 1405 வாக்கில் பெண்களுக்காக ஒரு நகரத்தையே எழுத்தில் கட்டியெழுப்பி, அதில் பழங்காலக் குறிகாரிகளுக்கும் இடம் கொடுத்தவர் அவர். 1429 ஜூலை 31 அன்று தேதியிட்டு ஜோனைப் பற்றி ஒரு நெடும்பாடல் எழுதினார். ஜோன் உயிரோடிருந்தபோதே எழுதப்பட்ட அந்தப் பாடலில், பழைய தீர்க்கதரிசனங்கள் சொன்னது இவளைத்தான் என்றார். ஆண்களின் கையிலிருந்த வாக்கை ஒரு பெண் எடுத்து இன்னொரு பெண்ணுக்கு உரிமையாக்கிய செயல் அது.

கேட்ட குரலுக்காகவும் சொன்ன குறிக்காகவும் தண்டிக்கப்பட்டவர் ஜோன் மட்டுமல்ல. ஷேக்ஸ்பியரின் மெக்பெத் நாடகத்தில் வாக்குச் சொல்லும் மூன்று சூனியக்காரிகளை நாம் பாடப்புத்தகத்தில் படித்திருக்கிறோம். அது 1606ஐ ஒட்டி எழுதப்பட்டது. அப்போது அரியணையில் இருந்த ஜேம்ஸ், ஸ்காட்லாந்தின் அரசராக இருந்த காலத்தில், 1590–91 சூனிய வழக்குகளில் தாமே நேரில் விசாரித்தவர்; 1597இல் பேய்களையும் சூனியத்தையும் பற்றி ஒரு நூலும் வெளியிட்டவர். அவர் விசாரித்த ஆக்னஸ் சாம்ப்சன் நோய்க்கு மருந்தும் பிரசவமும் பார்த்தவர், 1591இல் கொல்லப்பட்டார். 1563 முதல் 1736 வரை ஸ்காட்லாந்தில் ஏறத்தாழ 3,800 பேர் மீது சூனியக் குற்றம் சுமத்தப்பட்டது. ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் பெண்கள். அரங்கில் குறிகாரிகள் மறைந்துபோனார்கள், வெளியே எரிந்தார்கள்.

அதே நாடகத்தில், பெண் பெற்ற எவனாலும் மெக்பெத்துக்குத் தீங்கில்லை என்பது வாக்கு. மக்டஃப் தாயின் வயிற்றைக் கிழித்து எடுக்கப்பட்டவன் என்பதால் அது பொருந்தாமல் போகிறது. அக்காலத்தில் அப்படிக் குழந்தையை எடுப்பது பெரும்பாலும் இறந்த, அல்லது இறந்துகொண்டிருக்கும் தாயிடமிருந்துதான். ஒரு பெண் பெறவில்லை என்ற கணக்கு வருவதற்கு அவள் செத்திருக்க வேண்டியிருக்கிறது. அந்தத் தாய்க்கு நாடகத்தில் பெயரில்லை.

மாயக்கதைகளுக்கு வந்த மரபு

இன்றைய மாயக்கதை நாவல்கள் இந்தச் சொத்தை அப்படியே சுவீகரித்துக்கொண்டன. தேவி பாகவதத்தில் மகிஷாசுரன் ஆணால் தனக்குச் சாவு வரக்கூடாது என்று வரம் கேட்கிறான். பெண்ணை அவன் ஆபத்தாகவே எண்ணவில்லை. மாமல்லபுரத்துக் குகைச்சுவரில் சிங்கத்தின் மேல் வரும் தேவி அந்தக் கணக்குப் பிழையின் விடை. 1955இல் வெளிவந்த டோல்கீனின் மூன்றாம் தொகுதியில், எந்த ஆணின் கையாலும் வீழமாட்டான் என்று சொல்லப்பட்டவனை ஆண் வேடத்தில் போருக்கு வந்த இயோவின் வீழ்த்துகிறாள். இரண்டிலும் பெண் வெல்கிறாள். ஆனால் கணக்கில் வராதவள் என்பதே அவளுடைய ஆயுதம்.

ஃபிராங்க் ஹெர்பர்ட்டின் டியூன் 1965இல் வந்தது. அதில் வாக்குகளை விதைப்பவர்களும் பல தலைமுறைகளாக இரத்த உறவுகளைத் திட்டமிடுபவர்களும் ஒரு பெண்கள் சங்கத்தார். இத்தனை அதிகாரமும் கடைசியில் ஓர் ஆணைப் பெறுவதற்காகவே. மகளைப் பெறு என்ற கட்டளையை மீறி ஜெசிகா மகனைப் பெற, அந்த மகன் மீட்பனாகிறான். 1997 முதல் 2007 வரை வந்த ஹாரி பாட்டர் வரிசையில் வாக்குச் சொல்லும் ட்ரிலாணி, பள்ளியில் எல்லாரும் கேலி செய்யும் ஆசிரியை. அவர் உண்மையாகச் சொன்ன இரண்டு வாக்குகளும் அவருக்கே நினைவில் இல்லை. டெல்ஃபியில் கண்ட அதே ஏற்பாடுதான். ஹாரியைக் காப்பது லில்லியின் சாவு. ஆனால் ரௌலிங் ஒன்றைச் சரியாகச் சொல்கிறார். அந்த வாக்கு இரண்டு குழந்தைகளுக்குப் பொருந்தியது. வோல்டமார்ட் அதை நம்பி ஒரு வீட்டைத் தேர்ந்தெடுத்துப் போனதால்தான் அது பலித்தது. நாரதர் பேச்சைக் கேட்ட கம்சனும் இதைத்தான் செய்தான்.

இந்த மரபோடு வெகுநேரம் வாதிட்டவர் உர்சுலா லெ குவின். 1971இல் வந்த அவருடைய ஆட்டுவான் கல்லறைகள் நாவலில், பூசாரிணி இறந்த இரவில் பிறந்தாள் என்பதற்காக டெனார் என்ற சிறுமியைத் தாயிடமிருந்து பிரித்துக் கோயிலுக்குக் கொண்டுபோகிறார்கள். அவளுடைய பெயரை எடுத்துக்கொண்டு 'விழுங்கப்பட்டவள்' என்ற புதுப்பெயர் தருகிறார்கள். மெட்டிஸுக்கு நடந்ததை ஒரு குழந்தையின் பக்கத்திலிருந்து எழுதியது போல இருக்கிறது அந்த நாவல். அதில் டெனார் இருட்டறையை விட்டு வெளியேறுகிறாள்.

1990இல் அதே டெனாரைக் கைம்பெண்ணாக, பிள்ளைகள் வளர்ந்துவிட்ட குடியானவப் பெண்ணாகத் தெஹானு நாவலில் மீண்டும் கொண்டுவந்தார். மந்திரவாதிகளுக்குப் புதிய தலைவர் தேவைப்படுகிறது. அவர்களில் ஒருவருக்கு வந்த வாக்கு, கோண்ட் தீவில் ஒரு பெண் என்று மட்டும் சொல்கிறது. அவர்கள் மாதக்கணக்கில் யோசிக்கிறார்கள். அந்தப் பெண் தங்களை யாரோ ஓர் ஆணிடம் அழைத்துப்போவாள் என்றுதான் அவர்களுக்குப் பொருள்படுகிறது. வாக்கு சொன்னது அந்தப் பெண்ணையே என்பது அத்தனை கற்றவர்களுக்கும் தோன்றவில்லை. அதே வீட்டின் அடுப்படியில், சொந்தக்காரர்களால் சிதைக்கப்பட்டு நெருப்பில் தள்ளப்பட்டு, முகத்தில் ஒரு பாதி கருகிப் பிழைத்த சிறுமி ஒருத்தி இருக்கிறாள். கடைசியில் டிராகனைப் பெயர் சொல்லி அழைத்து எல்லாரையும் காப்பாற்றுகிறவள் அவள்தான். கல்லில் அடிக்கப்பட்ட குழந்தை, இந்த முறை தெய்வமாகி மறைந்துபோகாமல் வீட்டில் ஒருத்தியாக வாழ்கிறாள்.

நம் வீட்டு அசரீரி

புராணமும் நாவலும் தானே என்று இதை மூடிவைக்க முடியாது. ஆண் மூலம் அரசாளும், பெண் மூலம் நிர்மூலம் என்று நம்மிடையே ஒரு பழமொழி புழங்குகிறது. ஒரே நட்சத்திரம், மகனுக்கு நாடு, மகளுக்கு நாசம். மூலத்தில் பிறந்தவள் மாமனாருக்கு ஆகாது, ஆயில்யத்தில் பிறந்தவள் மாமியாருக்கு ஆகாது, கேட்டையில் பிறந்தவள் மூத்தாருக்கு ஆகாது, விசாகத்தில் பிறந்தவள் இளையவருக்கு ஆகாது. இந்தப் பட்டியலில் வருகிறவர்கள் எல்லாரும் அவள் இன்னும் பார்த்தேயிராத புகுந்த வீட்டார். அவர்களுடைய நட்சத்திரம் மருமகளுக்கு ஆகுமா என்று கேட்கும் பட்டியல் நம்மிடம் இல்லை. அது திரிந்த பழமொழி, மூலச்சொல் வேறு என்று சோதிடர்களே விளக்கம் சொல்வதுண்டு. விளக்கம் வந்த பிறகும் பெண் பார்க்க வந்தவர்கள் எழுந்துபோவது நிற்கவில்லை. மகளின் சாதகத்தை மாற்றி எழுதிக்கொள்ளும் குடும்பங்கள் உண்டு. அந்தப் பொய் வெளிப்படும் நாளை நினைத்து அஞ்சிக்கொண்டே வாழ வேண்டியவள் அவள்.

பிறந்த பெண் குழந்தையைக் கொல்லாமல் அரசிடம் விட்டுவிடுங்கள் என்று கேட்டு 1992இல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கப்பட்ட மாநிலம் இது. 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஆறு வயது வரையிலான 1,000 ஆண் குழந்தைகளுக்கு 943 பெண் குழந்தைகளே இருந்தார்கள். இதற்கு வரதட்சணையும் சொத்தும் பெருங்காரணங்கள்; பழியைச் சாதகத்தின் மேல் மட்டும் போட முடியாது. ஆனால் மகன் வந்து காப்பான், மகள் வந்து செலவு வைப்பாள் என்பதும் ஒரு முன்னறிவிப்புதான். அதையும் யார் சொன்னார்கள் என்று கேட்டால் யாரையும் கை காட்ட முடியாது. எல்லாருக்கும் கேட்கிறது, சொன்னவருக்கு உடல் இல்லை.

கதைகளைத் தூக்கி எறிய வேண்டும் என்று நான் சொல்ல வரவில்லை. கிறிஸ்தீனும் வோல்ஃபும் லெ குவினும் அப்படிச் செய்யவில்லை. அவர்கள் பழைய வாக்கை மறுபடியும் எடுத்துப் படித்தார்கள். அதில் யாருடைய பெயர் விட்டுப்போயிருக்கிறது என்று தேடினார்கள். அடுத்த முறை ஒரு நாயகன் வரப்போகிறான் என்று ஒரு நாவலோ படமோ மேடையோ அறிவிக்கும்போது, அந்த அறிவிப்பு நடக்கும் இடத்தில் யாருடைய கூந்தல் யார் கையில் இருக்கிறது என்று பார்க்கலாம். யசோதை கண்விழித்ததும் தன் மகள் எங்கே என்று கேட்கும் ஒரு கதையை நம்மில் ஒருவர் எழுதலாம்.